தாடை வரை வராத தலைக்கவசம்

தாடையைக் கம்பி போட்டு இறுக்கிவிட்டால் முதலில் போவது பேச்சு என்றுதான் நானும் நினைத்திருந்தேன். பேச்சு போனது உண்மைதான். ஆனால் அதைவிட என்னை வாட்டியது கொட்டாவி. தூக்கம் வரும் நேரத்தில் உடம்பு பழக்க தோஷத்தில் வாயைத் திறக்கப் பார்க்கும். மேல்பல்லும் கீழ்ப்பல்லும் ஒன்றோடொன்று கட்டப்பட்டிருப்பது உடம்புக்குத் தெரியாது. இரண்டு காதுக்கு முன்னாலும் சுளீரென்று வலி கிளம்பி, பாதிக் கொட்டாவி மூக்கு வழியாக வெளியேறும். கண்ணில் தண்ணீர் வந்துவிடும். பக்கத்தில் யாராவது இருந்தால் அழுகிறேன் என்று நினைத்துக்கொள்வார்கள். பெரும்பாலும் பக்கத்தில் யாரும் இருக்கவில்லை.

இப்போது கம்பி இல்லை. பேசுகிறேன். பள்ளியில் ஆளாளுக்கு "என்ன ஆச்சு ஜெசி மிஸ்?" என்று கேட்கிறார்கள். நீளமாகப் பேசினால் தாடை களைத்துப்போகிறது. அதனால் எழுதிவிடலாம் என்று தோன்றியது.

நான் மயிலாப்பூரில் ஒரு பெண்கள் பள்ளியில் சமூக அறிவியல் நடத்துகிறேன். அம்மா இறந்த பிறகு மந்தைவெளியில் ஒரு மாடிப் போர்ஷனில் தனியாக இருக்கிறேன். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. அதற்குப் பெரிய கதை எதுவும் கிடையாது. ஒரே தம்பி அந்தோணி, மனைவி ரெஜினாவோடும் கல்லூரியில் படிக்கும் மகனோடும் ஆதம்பாக்கத்தில் இருக்கிறான். எனக்கு வண்டி ஓட்டத் தெரியாது. பேருந்து, ஆட்டோ, அவசரத்துக்கு பைக் டாக்ஸி. அன்றைக்கும் பள்ளி விட்டதும் அடையாறில் மூக்குக்கண்ணாடிக் கடைக்குப் போவதற்காக ஃபோனில் பைக் டாக்ஸிதான் கூப்பிட்டேன்.

வந்தவர் பெயர் சேகர். நாற்பது வயது இருக்கும். அவர் தலையில் முகம் முழுக்க மூடிய ஹெல்மெட். வண்டியின் பக்கவாட்டில் ஒரு கொக்கியில் இன்னொன்று தொங்கியது. பின்னால் உட்காருபவருக்கு. கிரிக்கெட் விளையாடும் பையன்களின் தொப்பியை பிளாஸ்டிக்கில் வார்த்ததுபோல் இருந்தது. காதுக்கு மேலேயே முடிந்துவிட்டது. பட்டையின் கொக்கி உடைந்திருந்ததால் இரண்டு பட்டையையும் முடிச்சுப் போட்டுக்கொள்ளச் சொன்னார். பின்னால் உட்காருபவரும் ஹெல்மெட் போட்டிருக்கிறாரா என்று இப்போது எல்லா சிக்னலிலும் பார்க்கிறார்கள் என்றும், போடாவிட்டால் தன்னைத்தான் பிடிப்பார்கள் என்றும் சொன்னார். நான் கைக்குட்டையைத் தலையில் விரித்து அதன்மேல் அதை வைத்து, தாடைக்குக் கீழே முடிந்துகொண்டேன். எனக்கு அதில் ஒரு குறையும் தெரியவில்லை. லேசாக இருக்கிறதே, வேர்க்காதே என்றுதான் நினைத்தேன்.

தூறிக்கொண்டிருந்தது. மந்தைவெளியைத் தாண்டினோம். ஒரு சிக்னலில் போக்குவரத்துக் காவலர் ஒருவர் எங்கள் இரண்டு தலைகளையும் பார்த்துவிட்டு, பக்கத்தில் வெறுந்தலையோடு நின்ற பையன்களை ஓரங்கட்டச் சொன்னார். எங்களைப் போகவிட்டார். அதற்குக் கொஞ்ச தூரத்தில், நிறுத்தியிருந்த கார்களுக்கு நடுவிலிருந்து ஒரு நாய் ஓடிவந்தது. சேகர் பிரேக் பிடித்தார். ஈரச் சாலையில் வண்டி வழுக்கியது. அவர் ஒரு பக்கம் முகம் குப்புறச் சறுக்கிக்கொண்டு போனார். நான் அவர் தோளுக்கு மேலாக முன்னால் போய் விழுந்தேன். கை ஊன்றவில்லை. முகவாய் நேராகத் தார்ச்சாலையில் மோதியது.

வலிக்கவில்லை. ஒரு சத்தம் கேட்டது. சத்தம் வெளியிலிருந்து வரவில்லை, என் தலைக்குள்ளிருந்து வந்தது. எழுந்து உட்கார்ந்து, "ஒண்ணுமில்ல, ஒண்ணுமில்ல" என்று சுற்றி நின்றவர்களிடம் சொல்ல முயன்றேன். வாய் நான் சொன்ன இடத்தில் மூடவில்லை. கீழ்ப்பற்கள் யாருடையவோபோல் வேறெங்கோ போய் நின்றன. மடியில் ரத்தம் சொட்டியது. ஒரு பெண் தன் துப்பட்டாவின் நுனியால் என் முகவாயை அழுத்திப் பிடித்துக்கொண்டாள். ஆம்புலன்ஸ் வரும்வரை அவள் கையை எடுக்கவில்லை. அவள் பெயர் கூடத் தெரியாது.

அடையாறு பக்கத்தில் ஒரு மருத்துவமனைக்குக் கொண்டுபோனார்கள். அவசரப் பிரிவில் பெயர், வயது, ரத்த வகை எல்லாம் கேட்டார்கள். பேச முடியாததால் விரலால் காற்றில் எழுதிக் காட்டினேன். கடைசியாக ஒரு நர்ஸ், "கூட யார் வந்திருக்கா?" என்று கேட்டாள். நான் தலையை ஆட்டினேன். அவளுக்குப் புரியவில்லை. வெளியே யாராவது நிற்கிறார்களா என்று திரைச்சீலையை விலக்கி எட்டிப் பார்த்தாள். "கூட வந்தவங்க யாரும் இல்லையா?" என்று மறுபடி கேட்டாள். அந்தக் கேள்வியை அடுத்து வந்த நாட்களில் எத்தனையோ பேர் கேட்டார்கள். எக்ஸ்ரே எடுக்கிறவர் கேட்டார். மயக்க மருந்து டாக்டர் கேட்டார். சாப்பாட்டுத் தட்டு கொண்டுவருபவர் கேட்டார். தனியாக வாழ்வது வெளியில் இருக்கும்போது ஒரு குறையாகவே தெரியாது. மருத்துவமனையில் அது நோயாளியின் சீட்டில் நிரப்பப்படாத ஒரு கட்டம்.

ஃபோனைத் திறந்து அந்தோணியின் எண்ணைக் காட்டினேன். நர்ஸ்தான் அவனிடம் பேசினாள். ஆதம்பாக்கத்திலிருந்து அந்த நேரத்து நெரிசலில் வந்து சேர அவனுக்கு வெகுநேரம் ஆயிற்று. அதற்குள் ஸ்கேன் எடுத்துவிட்டார்கள். ஒரு குகைக்குள் படுக்கவைத்து, அசையாதீர்கள் என்று சொல்லிவிட்டு எல்லாரும் அறையை விட்டு வெளியே போய்விடுவார்கள். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நின்றுகொண்டு ஒலிபெருக்கியில், "பயப்படாதீங்கம்மா" என்பார்கள். அதுவரை நான் பயப்படவில்லை.

மறுநாள் காலையில் தாடை எலும்பு அறுவை சிகிச்சை செய்யும் டாக்டர் வந்தாள். என்னைவிட இளையவள். ஸ்கேன் படத்தை வெளிச்சத்தில் பிடித்துக் காட்டினாள். கீழ்த்தாடை குதிரை லாடம் போன்ற ஓர் எலும்பு. அதன் இரண்டு முனைகளும் காதுக்கு முன்னால் மண்டையோடு மூட்டாகச் சேர்கின்றன. முகவாயில் விழுந்த அடி நடுவில் எலும்பைப் பிளந்ததோடு, மேலே ஏறி இரண்டு மூட்டுகளின் கழுத்தையும் ஒடித்திருந்தது. ஓர் அடி, மூன்று முறிவு. நடுவில் இருப்பதற்குத் தகடு வைத்துத் திருகலாம். மூட்டுகளைத் திறந்து தொடுவது எனக்கு நல்லதல்ல, முகத்து நரம்பு அருகில் ஓடுகிறது. அதனால் பற்களைச் சுற்றிக் கம்பி கட்டி, மேல்தாடையோடு கீழ்த்தாடையைப் பூட்டிவைத்தால் மூட்டு தானாகக் கூடிவிடும். சில வாரங்களுக்கு வாய் திறக்காது.

பிறகு அவள், "மண்டையில ஒரு கீறல்கூட இல்ல மேடம். அந்த வகையில உங்களுக்கு நல்ல நேரம்" என்றாள். நான் கட்டிலுக்கு அடியில் ஒரு பிளாஸ்டிக் உறையில் வைத்திருந்த அந்தத் தொப்பியைச் சுட்டிக் காட்டினேன். அவள் எடுத்துப் பார்த்தாள். அதில் தேய்ந்த தடம் எதுவும் இல்லை. "இது இல்லைன்னாலும் இதேதான் ஆகியிருக்கும். உங்க தலை கீழ படவே இல்ல" என்றாள். சொல்லிவிட்டு, சொல்லியிருக்க வேண்டாமோ என்று நினைத்தவள்போல என் கையைத் தட்டிக்கொடுத்துவிட்டுப் போனாள்.

அறுவை சிகிச்சையைப் பற்றிச் சொல்ல எனக்கு அதிகம் தெரியாது. வாயை மூடிக் கட்ட வேண்டியிருப்பதால் மூச்சுக் குழாயை மூக்கு வழியாக இறக்குவார்கள் என்று முன்பே சொல்லியிருந்தார்கள். விழித்தபோது தொண்டை முழுக்க மணலாக இருந்தது. வாய் பூட்டியிருந்தது. தண்ணீர் என்று கேட்க முயன்றபோது உள்ளே ஒரு முனகல் மட்டும் கேட்டது. அது என் குரல் என்று தெரிந்துகொள்ளச் சிறிது நேரம் பிடித்தது.

மயக்கம் முழுதாகத் தெளிந்த பிறகு நர்ஸ் ஒரு பொருளைக் கொண்டுவந்து தலைமாட்டில் கயிற்றில் கட்டித் தொங்கவிட்டாள். கம்பி வெட்டும் குறடு. வாந்தி வந்து மூச்சு அடைத்தால் உடனே கம்பிகளை வெட்டிவிட வேண்டும் என்றாள். எந்தெந்தக் கம்பி என்று கண்ணாடியில் காட்டினாள். இதை நானே செய்துகொள்ள முடியுமா என்று ஃபோனில் தட்டிக் காட்டினேன். அவள் படித்துவிட்டு இல்லை என்று தலையசைத்தாள். "அந்த நேரத்துல உங்க கைக்கு வராதும்மா. எப்பவும் ஒருத்தர் கூடவே இருக்கணும். கம்பி எடுக்கிற வரைக்கும். இல்லன்னா டாக்டர் வீட்டுக்கு விட மாட்டாங்க."

நான் அன்று முழுவதும் அதையே நினைத்துக்கொண்டு படுத்திருந்தேன். மந்தைவெளி வீட்டுக்குப் போய், ஜன்னலை மூடிக்கொண்டு, கஞ்சி குடித்துக்கொண்டு கிடந்தால் போதும் என்று திட்டம் போட்டிருந்தேன். அடிபட்டால்கூட அதுதான் என் வழக்கம். எனக்கு யாரும் வேண்டாம் என்பதில் எனக்கு ஒரு பெருமை இருந்தது. அந்தக் குறடு தொங்கியது, பெருமை போயிற்று.

எங்கள் அறையில் இரண்டு கட்டில்கள். பக்கத்துக் கட்டிலில் பித்தப்பைக் கல்லுக்கு அறுவை செய்துகொண்ட ஓர் அம்மாள். அவரைப் பார்க்க கோடம்பாக்கத்திலிருந்து மகள்கள், மருமகன்கள், பேரப்பிள்ளைகள் என்று அணியணியாக வந்தார்கள். எனக்கும் சேர்த்தே பேசினார்கள். பதில் சொல்ல முடியாத ஒருத்தியிடம் பேசிப் பேசி அவர்களுக்கே அலுத்துப்போய், பிறகு நான் தூங்குவதாக நினைத்துக்கொண்டு குரலைத் தாழ்த்திக்கொண்டார்கள். நான் தூங்கவில்லை. திரைச்சீலைக்கு அந்தப் பக்கம் அவர்கள் சிரிப்பதைக் கேட்டுக்கொண்டிருந்தேன்.

பங்குச் சாமியார் நன்மை, அதாவது நற்கருணை அப்பம், கொடுக்க வந்தார். பூட்டிய பல்லுக்குள் அப்பம் போகாது. அவர் நகக்கண் அளவு கிள்ளி ஒரு கரண்டித் தண்ணீரில் கரைத்து, கடைவாய்க்குப் பின்னால் இருக்கும் இடைவெளி வழியாக ஊற்றினார். பாதி கழுத்தில் வழிந்தது. அவரே கைக்குட்டையால் துடைத்தார். "ஆமென்" என்று சொல்ல வேண்டிய இடத்தில் நான் கண்ணை மூடித் திறந்தேன்.

போக்குவரத்துப் புலனாய்விலிருந்து ஒரு தலைமைக் காவலர் வாக்குமூலம் வாங்க வந்தார். அமைதியான மனிதர். நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு, கேள்வியைக் கேட்டுவிட்டு நான் ஃபோனில் தட்டி முடிக்கும்வரை காத்திருந்தார். நாய் குறுக்கே வந்தது, வண்டி வேகமாகப் போகவில்லை, தூறல் இருந்தது என்று எழுதினேன். "ஹெல்மெட் போட்டிருந்தீங்களா?" என்று கேட்டார். ஆம் என்று தலையசைத்தேன். தொப்பியை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பின்பக்கம், உள்பக்கம், பட்டை எல்லாம் பார்த்தார். ஐ.எஸ்.ஐ. முத்திரையைத் தேடுகிறார் என்று தெரிந்தது. இல்லை.

"சட்டம் என்ன சொல்லுதுன்னா மேடம், ஓட்டுறவருக்கும் வேணும், பின்னாடி உக்கார்றவங்களுக்கும் வேணும். தரமானதா இருக்கணும், பட்டை மாட்டியிருக்கணும். இத ஹெல்மெட்னு எழுதுறதா வேணாமான்னு எனக்கே தெரியல."

நான் தட்டினேன்: சிக்னலில் ஒருவர் பார்த்துவிட்டு எங்களைப் போகச் சொன்னார்.

அவர் அதைப் படித்துவிட்டு ஃபோனைத் திருப்பிக் கொடுத்தார். "அங்கேர்ந்து பாத்தா தலையில கறுப்பா ஒண்ணு இருக்குறதுதான் தெரியும். நிறுத்தி ஒவ்வொண்ணா கழட்டிப் பாக்க எங்க மேடம் முடியுது" என்றார். தலைக்கவசம் அணிந்திருந்தார், தரச்சான்று இல்லாதது என்று எழுதி, படித்துக் காட்டி, கையெழுத்து வாங்கிக்கொண்டார். போகும்போது வாசலில் நின்று, தன் மகளும் வண்டியில்தான் வேலைக்குப் போகிறாள் என்றார். ஏன் சொன்னார் என்று தெரியவில்லை. நான் வகுப்பில் சட்டம் என்ற பாடத்தை நடத்துகிறவள். சட்டம் யாருக்காக என்ற கேள்விக்குக் குடிமக்களின் பாதுகாப்புக்காக என்று பதில் எழுதிப் போட்டவள். அந்தத் தொப்பியை வாங்கித் தலையில் வைத்தபோது பாதுகாப்பு என்ற சொல்லே என் மனதில் வரவில்லை. சிக்னலைக் கடக்க வேண்டும் என்றுதான் இரண்டு பேருமே நினைத்தோம்.

சேகர் அதற்கு மறுநாள் வந்தார். முழங்கையில் கட்டு. ஒரு கையில் சாத்துக்குடிப் பை, இன்னொரு கையில் அவருடைய ஹெல்மெட். உள்ளே வரலாமா என்று தெரியாமல் வாசலிலேயே நின்றார். கையசைத்துக் கூப்பிட்டேன். தன் வீடு பெரும்பாக்கம் அடுக்குமாடியில் என்றும், முன்பு அடையாற்றங்கரையில் இருந்ததாகவும், அரசு அங்கிருந்த குடிசைகளை அகற்றி நகருக்கு வெளியே அனுப்பியபின் எல்லா வேலையும் தூரமாகிவிட்டதால் வண்டி ஓட்டுவதாகவும், நான் கேட்காததை எல்லாம் சொன்னார். சொல்ல வந்தது அதுவல்ல என்று இருவருக்குமே தெரிந்திருந்தது.

"இன்னா சொல்றதுன்னே தெர்லக்கா" என்றார் கடைசியில். "நானும் மூஞ்சி குப்புறத்தான் வுழுந்தேன். எனக்கு ஒண்ணும் ஆவல. இத்த பாரு."

ஹெல்மெட்டைத் திருப்பிக் காட்டினார். முகவாயை மறைத்து வளைந்து வரும் பட்டைப் பகுதியில் பெயிண்ட் உரிந்து, உள்ளே இருக்கும் வெள்ளை தெரியும்படி ஆழமாகத் தேய்ந்திருந்தது. நான் கையை நீட்டினேன். அவர் என்னிடம் கொடுத்தார். தேய்ந்த இடத்தில் விரலை வைத்துப் பார்த்தேன். சொரசொரவென்று இருந்தது. சரியாக என் தாடை பிளந்த இடம்.

"கஸ்டமருக்கும் இந்த மாதிரிதான் மொதல்ல வச்சிருந்தேன். யாரும் மாட்ட மாட்றாங்கோ. நாறுதுன்றாங்கோ, முடி கலையுதுன்றாங்கோ. அப்பால அத்த வுட்டுட்டு இத்த வாங்கிப் போட்டேன். தப்புதான். கேஸு இன்னா போட்டாலும் போட்டுக்கோக்கா, நான் ஒண்ணும் சொல்ல மாட்டேன்."

அவர்மேல் எனக்குக் கோபம் இருந்ததா என்று என்னையே கேட்டுப் பார்த்தேன். கொஞ்சம் இருந்தது. ஆனால் எனக்கு முன்னால் அந்தப் பெரிய ஹெல்மெட்டை வேண்டாம் என்று சொன்ன முகங்களில் என் முகமும் இருந்திருக்கும் என்பதும் தெரிந்தது. ஃபோனில் தட்டிக் காட்டினேன்: நாய்க்கு என்ன ஆச்சு?

"ஓடிடுச்சுக்கா. அப்பால அந்தப் பக்கம் போறச்சே பாத்தேன். அதே எடத்துல படுத்துக்கினு கீது."

சிரிப்பு வந்தது. சிரிக்கவும் தாடை வேண்டும். வலியில் முகத்தைச் சுளித்தேன். அவர் பயந்துபோய் நர்ஸைக் கூப்பிட ஓடினார்.

அந்தோணி அவர்மேல் வழக்குப் போட வேண்டும் என்று குதித்தான். நான் வேண்டாம் என்று எழுதிக் காட்டினேன். அவனுக்கு அது பிடிக்கவில்லை. ஆனாலும் டிஸ்சார்ஜ் அன்று வந்து என் பையைத் தூக்கிக்கொண்டான். எங்கே போகிறோம் என்று யாரும் என்னைக் கேட்கவில்லை. கார் ஆதம்பாக்கம் போயிற்று.

ரெஜினாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். எங்களுக்குள் சண்டை எதுவும் இருந்ததில்லை. சண்டை போடும் அளவுக்குக்கூடப் பழக்கம் இருந்ததில்லை. அம்மா இருந்தவரை நாங்கள் இருவரும் அம்மா வழியாகவே பேசிக்கொண்டோம். அம்மா போனபின் கிறிஸ்துமஸுக்கும் ஈஸ்டருக்கும் சாப்பிட்டீர்களா, சாப்பிட்டேன் என்பதோடு முடிந்துவிடும். நர்ஸ் குறடு பிடிக்கக் கற்றுக்கொடுத்தபோது அந்தோணிக்கு வேர்த்துக் கொட்டியது. அவன் கையிலிருந்து ரெஜினா வாங்கிக்கொண்டாள். எந்தக் கம்பி முதலில், எந்தப் பக்கம் முதலில் என்று மட்டும் இரண்டு தடவை கேட்டுக்கொண்டாள்.

அவர்கள் மகனின் அறையை எனக்குக் கொடுத்தார்கள். அவன் கூடத்தில் படுத்துக்கொண்டான். ரெஜினா என்ன சமைத்தாலும் அதில் ஒரு பங்கை மிக்ஸியில் அடித்து, மெல்லிய துணியில் வடிகட்டி, பெரிய சிரிஞ்சில் ஏற்றிக் கொடுத்தாள். இட்லியும் சாம்பாரும் சேர்த்து. ஆட்டுக்கால் சூப். ஒரு நாள் மீன் குழம்பு. எல்லாம் ஒரே மாதிரி கூழாகத்தான் வந்தது, ருசி மட்டும் மாறியது. கம்பி முனை கன்னத்தின் உள்பக்கம் குத்தியது. அதற்கு மெழுகை உருட்டி ஒட்டக் கற்றுக்கொண்டேன். குழந்தைகளுக்கான சின்ன பிரஷால் பல்லின் வெளிப்பக்கத்தை மட்டும் துலக்கினேன். எல்லாரும் அன்பாகத்தான் இருந்தார்கள். ஆனாலும் சாப்பாட்டு நேரத்தில் கூடத்தில் தட்டுகளின் சத்தம் கேட்கும்போது நான் கதவைச் சாத்திக்கொண்டு ஜன்னலோரம் உட்கார்ந்து சிரிஞ்சை அழுத்திக்கொண்டிருப்பேன். பேச முடியாதவள் இருக்கும் வீட்டில் மற்றவர்களும் மெதுவாகப் பேச ஆரம்பித்துவிடுகிறார்கள். மெள்ள மெள்ள வீடே என்னைச் சுற்றி அடங்கிப்போயிற்று. ஒரு வார்த்தை, யாரிடமாவது, சும்மாவாவது சொல்ல வேண்டும் போல் இருக்கும். என்ன வார்த்தை என்று தெரியாது.

அந்த ஜன்னல் விளிம்பில்தான் ஒரு நாள் துண்டு துண்டாக வெட்டிய மெல்லிய கம்பிகளைப் பார்த்தேன். நிறைய இருந்தன. மின்சார வயரை உரித்து எடுத்த செப்புக் கம்பிகள். முதலில் புரியவில்லை. மகன் ஏதோ செய்திருக்கிறான் என்று நினைத்தேன். ரெஜினா வந்து அவசரமாக அவற்றை முறத்தில் தள்ளிக்கொண்டு போனாள். குறடு அவளுடைய நைட்டிப் பையில் துருத்திக்கொண்டிருந்தது. வீட்டுக்குள் எங்கே போனாலும் அது அவளோடு போனதை அப்போதுதான் கவனித்தேன். என் கம்பியை வெட்டவேண்டி வந்தால் என்று அவள் பழகிக்கொண்டிருந்தாள்.

ஒரு பிற்பகல் வாந்தி வந்தது. அந்தோணி வேலைக்கும் மகன் கல்லூரிக்கும் போயிருந்தார்கள். ரெஜினா மொட்டைமாடியில் துணி எடுக்கப் போயிருந்தாள். வெறும் வயிற்றில் மாத்திரையைக் கரைத்துக் குடித்ததாலோ என்னவோ, வயிறு புரட்டிக்கொண்டு மேலே வந்தது. எழுந்து குளியலறைக்கு ஓடினேன். கூப்பிட வாய் இல்லை. தொண்டை நிறைந்துவிட்டது. மூச்சு உள்ளே வரவில்லை. செத்துப்போகப் போகிறேன் என்று தெளிவாகத் தெரிந்தது, வேறு எதுவும் தெரியவில்லை. கையில் அகப்பட்ட பித்தளைச் செம்பை எடுத்துக் குளியலறை ஜன்னல் கம்பியில் அடித்தேன். மறுபடி மறுபடி அடித்தேன்.

படிகளில் அவள் ஓடிவரும் சத்தம் கேட்டது. ஒரு கை என் நெற்றியைப் பிடித்து முன்னால் குனியவைத்தது.

"குனிங்கக்கா. இன்னும். மூக்கு வழியா விடுங்க, பல்லு சந்துல விடுங்க. வந்துரும். நான் இருக்கேன். வெட்டணும்னா வெட்டிருவேன், இப்ப வேணாம், இப்ப வேணாம்."

குறட்டின் வாய் என் உதட்டுக்குப் பக்கத்தில் திறந்தபடி நின்றது. மூக்கு எரிய, பல்லிடுக்கில் எல்லாம் வழிந்து, எங்கோ ஒரு நூல் மூச்சு உள்ளே வந்தது. பிறகு இன்னொன்று. அவள் எண்ணுவதுபோல ஒவ்வொரு மூச்சுக்கும் "ஆங்... ஆங்..." என்றாள். வெட்ட வேண்டியிருக்கவில்லை.

அதற்குப் பிறகு இரண்டு பேரும் ஈரத்தரையில் அப்படியே உட்கார்ந்திருந்தோம். அவள் அப்போதுதான் குறட்டை விட்டாள். அது தரையில் விழுந்தது. அவள் அழுதாள். என்னால் அவளிடம் ஒன்றும் சொல்ல முடியவில்லை. வாய் திறந்திருந்தாலும் சொல்லியிருப்பேனா என்று தெரியவில்லை. அவள் முதுகில் கைவைத்தேன். நைட்டி நனைந்திருந்தது.

கம்பி எடுத்த நாளில் டாக்டர் ஏதாவது பேசச் சொன்னாள். "தேங்க்ஸ்" என்றேன். அது "தேங்க்ஷ்" என்று வந்தது. வாய் ஒரு விரல் அளவுகூடத் திறக்கவில்லை. அதன்பின் பயிற்சி. ஐஸ்கிரீம் குச்சிகளைப் பல்லுக்கு நடுவில் ஒன்றன்மேல் ஒன்றாகச் செருகி, வலியைப் பொறுத்துக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டும். கொஞ்ச நாளில் இன்னொரு குச்சி. மந்தைவெளிக்குத் திரும்பி, கண்ணாடி முன்னால் உட்கார்ந்து தனியாக அதைச் செய்தேன். யாரும் கூட இருக்க வேண்டிய தேவை இப்போது இல்லை. நான் திரும்பி வந்த அன்று என் வீடு முன்பைவிடப் பெரிதாக இருந்தது. குழாயில் சொட்டும் தண்ணீரைக்கூட வெகுநேரம் கேட்டுக்கொண்டிருந்தேன்.

ஹெல்மெட் வாங்கினேன். வண்டி இல்லாத பெண்ணுக்கு எதற்கு என்று கடைக்காரர் கேட்டார். முகம் முழுக்க மூடுவது, முத்திரை உள்ளது, தாடைக்குக் கீழ் பட்டை சொடக்கென்று மாட்டுவது. ஒன்றிரண்டைப் போட்டுப் பார்த்தபோது கன்னத்தில் பஞ்சு அழுத்தியதும் மூச்சு முட்டி, கழற்றி மேசைமேல் வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் வெளியில் நின்றேன். பிறகு போய் வாங்கிக்கொண்டேன். துணிப்பையில் அதைச் சுமந்துகொண்டு பள்ளிக்குப் போகிறேன். பேருந்தில் மடியில் வைத்துக்கொண்டால் பக்கத்தில் இருப்பவர்கள் ஒரு மாதிரி பார்க்கிறார்கள். பள்ளி வாசலில் அப்பாக்களின் பின்னால் வெறுந்தலையோடு வந்து இறங்கும் பிள்ளைகளைப் பார்க்கிறேன். அப்பா தலையில் மட்டும் இருக்கும். காலைப் பிரார்த்தனைக் கூட்டத்தில் இதைப் பற்றிப் பேசும்படி தலைமையாசிரியை கேட்டார். பேசினேன். சில எழுத்துகள் வழுக்கின. பிள்ளைகள் சிரிக்கவில்லை. மறுநாள் வாசலில் ஒரே ஒரு பிள்ளை தலையில் ஹெல்மெட்டோடு இறங்கினாள். அது அவளுக்குப் பெரிதாக இருந்தது. ஒரே ஒரு பிள்ளைதான்.

கீழுதடும் முகவாயும் மட்டும் இன்னும் மரத்துக் கிடக்கின்றன. அந்த இடத்து நரம்பு அடிபட்டதில் நசுங்கியிருக்கிறது, திரும்பலாம், திரும்பாமலும் போகலாம் என்று டாக்டர் சொன்னாள். வெந்நீர் பட்டால் தெரிவதில்லை. சோற்றுப் பருக்கை ஒட்டிக்கொண்டிருந்தால் தெரிவதில்லை. தனியாக இருப்பவளுக்கு அதைச் சொல்ல ஆள் கிடையாது. ஒரு நாள் பள்ளி முடிந்து பேருந்தில் வந்து, காய்கறி வாங்கி, வீட்டுக்காரம்மாவிடம் பேசிவிட்டு மாடியேறிக் கண்ணாடியைப் பார்த்தால், மதியம் சாப்பிட்ட தயிர்ச்சோறு முகவாயில் காய்ந்திருந்தது. அன்று சாயங்காலம் முழுவதும் வெளியில் போகவில்லை. அதிலிருந்து சாப்பிடும்போது எதிரில் ஒரு சின்னக் கண்ணாடியை நிறுத்திவைத்துக்கொள்கிறேன். பள்ளிக்கும் எடுத்துப் போகிறேன்.

சென்ற ஞாயிறு பூசை முடிந்து ஆதம்பாக்கத்துக்குச் சாப்பிடப் போனேன். பையிலிருந்து கண்ணாடியை எடுத்து மேசையில் தண்ணீர்ச் செம்பின்மேல் சாய்த்து வைத்தேன். அந்தோணி பார்த்தும் பார்க்காததுபோல் இருந்தான். ரெஜினா எல்லாருக்கும் பரிமாறிவிட்டு என் எதிரில் வந்து உட்கார்ந்தாள். கண்ணாடியை எடுத்தாள், பக்கத்து ஸ்டூலில் கவிழ்த்து வைத்தாள். சாப்பிடத் தொடங்கினோம். அவர்கள் மகன் ஏதோ கிரிக்கெட் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தான். நடுவில் ஒரு தடவை ரெஜினா என்னைப் பார்த்து, தன் கீழுதட்டின் இடது ஓரத்தை ஒரு விரலால் லேசாகத் தொட்டாள்.

நான் துடைத்துக்கொண்டேன். அவள் மறுபடி குழம்பை ஊற்றினாள்.